நாலு மணி ஏரி

ஆகஸ்ட் 4, திங்கள்

இந்த நோட்டு ஆஸ்பத்திரியில் கொடுத்தது. வயிற்றில் பிள்ளை ஒரு நாளைக்கு எத்தனை முறை அசைகிறது என்று குறித்து வைக்கச் சொல்லி நர்ஸ் நீட்டினாள். அசைவுக்கு ஒரு வரி போதும். மிச்சப் பக்கங்களை என்ன செய்வது? படுத்துக் கிடப்பவளுக்கு வேறு வேலையும் இல்லை, எழுதுகிறேன்.

சித்தி மகள் கல்யாணத்துக்காக மூன்று நாள் லீவு போட்டு கோயமுத்தூரிலிருந்து கோவில்பட்டிக்கு, அம்மா வீட்டுக்கு வந்தேன். வந்த இடத்தில் அடிவயிறு இழுத்துப் பிடித்தது. ஸ்கேன் பார்த்த டாக்டர் மெர்சி அன்றைக்கே கர்ப்பப்பை வாயில் தையல் போட்டுவிட்டார். இனி பயணம் கிடையாது. பாத்ரூமுக்கு மட்டும் எழுந்திருக்கலாம். மற்ற நேரமெல்லாம் இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்கை. முப்பத்து நான்கு வாரத்தைத் தாண்டிவிட்டால் பயப்பட வேண்டாம் என்றார். இன்றைக்கு இருபத்திரண்டு.

போன தடவை இருபத்தொன்று. அதைப் பற்றி இந்த நோட்டில் எழுதப்போவதில்லை.

ஆகஸ்ட் 6, புதன்

அம்மா சத்துணவு அமைப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவள். அவளுக்கு இரண்டு பேருக்குச் சமைக்க வராது. இன்று இரண்டாவது முறையாகத் தெருவே நம் வீட்டு சாம்பாரைச் சாப்பிட்டது.

கட்டிலுக்கு எதிரே பீரோ. பீரோக் கண்ணாடியில் ஜன்னல். ஜன்னலில் பக்கத்து வீட்டு முருங்கை மரம் தலைகீழாக இல்லை, ஆனால் இடம் வலம் மாறி ஆடுகிறது. இதை நான் ஒரு மணி நேரம் பார்த்தேன்.

ஆகஸ்ட் 9, சனி

பூபதி வந்துவிட்டுப் போனான். என் வீட்டுக்காரனுக்கு நூற்பாலை இயந்திரங்களை நிறுவிக் கொடுக்கும் வேலை. நாளை மறுநாள் லூதியானாவுக்குப் போயாக வேண்டும், மூன்று மாத வேலை. முகம் சுண்டிப் போயிருந்தது. நானே அவனைத் தேற்றி அனுப்ப வேண்டியதாயிற்று.

போகும்போது ஒன்றைக் கொடுத்தான். நடுவில் திரை, இரண்டு ஓரத்திலும் பிடித்துக்கொள்ளப் பிடி, கட்டைவிரலுக்குக் குட்டிக் குட்டிக் குச்சிகள். இதற்குள் விளையாட்டு எதுவும் கிடையாதாம். விளையாட்டு எல்லாம் கோயமுத்தூர் வீட்டு ஹாலில் டிவிக்குக் கீழே இருக்கும் எங்கள் பழைய பெட்டியில்தான் ஓடும். படம் மட்டும் இணையத்தில் இங்கே வரும். என் விரல் அசைவு இங்கிருந்து அங்கே போகும்.

"பெட்டி சும்மா தூங்கிட்டிருக்கும், ஆரஞ்சு லைட்டு மட்டும் எரியும். நீ இங்கிருந்து கூப்பிட்டா எந்திரிச்சுக்கும்," என்றான். "ஆனா பிளக்குல கரண்ட் இருக்கணும். கரண்ட் போயி வந்துச்சுன்னா தானா எந்திரிக்காது. யாராச்சும் கையால பட்டனை அமுக்கணும்."

"அங்க டிவில?"

"டிவியப் போட்டிருந்தா அதுலயும் நீ ஆடறது தெரியும். யாரு போட்டுப் பாக்கப் போறா?"

அங்கே இருப்பது மாமா மட்டும்தான். பூபதியின் அப்பா.

அம்மா அதைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "நல்ல தட்டு மாதிரில்லா இருக்கு. இதுல சோத்தை வச்சுத் தின்னுட்டு விளையாடலாமோ?" என்றாள். இனி அதற்குப் பெயர் தட்டு.

ஆகஸ்ட் 11, திங்கள்

நாலு மணிக்குத் தட்டைத் திறந்தேன். வெறும் கறுப்பு. ஒரு வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. பிறகு பனி. பனிக்குப் பின்னால் என் ஏரி.

எத்தனை மாதம் ஆயிற்று. ஏரி நடுவே ஒரு தீவு, அதில் ஒரு மாடி வீடு, ஒரு படகு, நான்கு பாத்திக் காய்கறித் தோட்டம், அங்கங்கே தொங்கும் விளக்குகள். இந்த விளையாட்டில் யாரும் யாரையும் சுடுவதில்லை. மீன் பிடிக்கலாம், செடிக்குத் தண்ணீர் விடலாம், விளக்கேற்றலாம், சிப்பி பொறுக்கி சாமான் வாங்கலாம். அங்கேயும் நம் நேரம்தான், இங்கே நாலு மணி என்றால் அங்கேயும் சாயங்கால வெயில். மஞ்சள் மழைச்சட்டையும் ஓலைத் தொப்பியும் போட்ட ஒருத்தி படகுத்துறையில் நின்றிருந்தாள். விட்டுவிட்டுப் போன இடத்திலேயே நிற்கிறாள், பாவம்.

குச்சியைத் தள்ளினேன். உடனே நடக்கவில்லை. நான் நினைத்து, அவளுக்குக் கேட்டு, அப்புறம் நடக்கிறாள். அந்த இடைவெளி எனக்குப் பிடித்திருந்தது. நான் படுத்திருக்கிறேன், என் கால் முந்நூறு கிலோமீட்டருக்கு அப்பால் ஈர மணலில் நடக்கிறது. டாக்டர் மெர்சிக்கு இதில் ஆட்சேபம் இருக்க முடியாது.

தோட்டம் காய்ந்து போயிருந்தது. தண்ணீர் விட்டேன். மாடிக்குப் போகவில்லை. அங்கே ஓர் அறை இருக்கிறது, வேண்டாத சாமான் போட்டு மூடி வைத்திருக்கிறேன்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. ஏரி வரவில்லை. அம்மா நெட் பெட்டியை பீரோவுக்குப் பின்னால் தள்ளியிருந்ததால் என்று நினைத்து, அதை ஜன்னலுக்கு மாற்றச் சொன்னேன். அப்படியும் வரவில்லை.

பூபதிக்கு போன் செய்தேன். அவன் அவன் அப்பாவுக்குச் செய்தான். பதில் வந்தது. "சும்மா எரிஞ்சுட்டு இருந்துச்சு, அணைச்சுப் போட்டேன்."

மாமா முப்பத்து நான்கு வருஷம் மில்லில் வயர்மேனாக இருந்தவர். ஆளில்லாத அறையில் ஒரு விளக்கு எரிந்தால் அவருக்குப் பொறுக்காது. நான் தண்ணீர் குடிக்க எழுந்து போன இரண்டு நிமிடத்தில் ஃபேனை அணைத்துவிடுவார். அவர் மனதால் செய்வதில்லை, அவர் கை தானே சுவிட்சைத் தேடிப் போகும்.

ஆகஸ்ட் 14, வியாழன்

மறுபடியும் அணைத்துவிட்டார். பூபதி அத்தனை விளக்கிச் சொல்லியும்.

எனக்கு வந்த கோபத்துக்கு வயிறு கல்லாகிவிட்டது. அம்மா பயந்து, "ஒரு மிஷினுக்குப் போயி இப்படிப் பதறுத. மூச்சை விடுட்டி," என்று முதுகைத் தடவினாள். கோபம் மிஷினுக்காக இல்லை.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

கோயமுத்தூரில் எங்கள் ஏரியாவுக்கு இன்று மாதாந்திர மின்தடை, காலை ஒன்பது முதல் நாலு வரை. பேப்பரில் போட்டிருந்தது. ஆக ஏரி இன்றோடு சரி, பூபதி லீவில் வந்து பட்டனை அமுக்கும் வரை நான் முருங்கை மரத்தைத்தான் பார்க்க வேண்டும் என்று மனதைத் தயார் செய்துகொண்டேன்.

நாலரைக்குச் சும்மா திறந்து பார்த்தேன். பனி. ஏரி. மஞ்சள் சட்டைக்காரி.

ஏதோ தானியங்கி வசதி இருக்கும் போல. பூபதிக்கு அவன் பெட்டியைப் பற்றியே சரியாகத் தெரியவில்லை.

ஆகஸ்ட் 27, புதன்

இருபத்தைந்து வாரம். ஏழு அசைவு.

வலிக்கான மாத்திரை போட்டால் அறை மெல்ல மிதக்கிறது. ஃபேன் சுற்றுவது ஏரியில் துடுப்பு போடும் சத்தமாகக் கேட்கிறது. கண்ணை மூடினால் படகில் இருக்கிறேன், திறந்தால் பீரோ. ஒரு தரம் கண்ணாடியில் தெரிந்த முருங்கை மரத்தடியில் மஞ்சள் சட்டை தெரிந்தது. கூப்பிடலாமா என்று யோசித்தேன். கொடியில் அம்மாவின் துண்டு.

இன்று சிக்னல் மோசம். ஏரி சதுரம் சதுரமாகக் கலைந்தது. மீன் பிடித்துக்கொண்டிருந்தவள் அப்படியே உறைந்து நின்றாள். அந்த நேரம் பார்த்து வயிற்றுக்குள் அவன் அல்லது அவள் ஓர் உதை விட்டது. உடனே மீன் தூண்டிலில் துள்ளியது. மீனை நான் பிடிக்கவில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

செப்டம்பர் 3, புதன்

இருபத்தாறு. பதினொன்று. ஏரியில் மழை. இங்கே வெயில்.

செப்டம்பர் 8, திங்கள்

எழுத மாட்டேன் என்று சொன்னதை எழுதுகிறேன்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், இருபத்தோராவது வாரத்தில் எல்லாம் முடிந்து ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த நாலாம் நாள். நான் சமையலறையில் நின்றிருந்தேன். ஹாலில் மாமா அவர் தங்கையிடம் போனில் பேசிக்கொண்டிருந்தார். "வவுத்துல புள்ளைய வெச்சுட்டு எந்நேரமும் அந்த டிவிப் பொட்டி முன்னாலயே உக்காந்திருந்தா என்ன ஆவும்?" என்றார்.

அந்தச் சமயத்தில் எனக்கு ஐந்து மாதம் வரை வாந்தி நிற்கவில்லை. படுக்கவும் முடியாமல் நடக்கவும் முடியாமல் ஹாலில் உட்கார்ந்து அந்த ஏரியைப் பார்த்துக்கொண்டிருந்தால் மட்டும்தான் குமட்டல் அடங்கும். அது அவருக்கும் தெரியும். எலுமிச்சம்பழம் நறுக்கிக் கொண்டுவந்து தந்தவரே அவர்தான்.

அன்றிலிருந்து நானும் அவரும் தேவைக்குப் பேசுவதோடு சரி. சாப்பிட்டாச்சு, கேஸ் வந்துச்சு, பால் தீந்துச்சு. அவர் அணைத்தது பெட்டியை அல்ல என்று எனக்குத் தோன்றுகிறது. இப்போதும் அதே விளையாட்டு, அதே வயிறு. அவர் என்ன நினைத்துக்கொண்டிருப்பார் என்று தெரியும்.

செப்டம்பர் 16, செவ்வாய்

பிள்ளையின் நுரையீரல் வளர இரண்டு நாளாக ஊசி. அதன் களைப்பில் மதியம் தூங்கியவள் ஆறு மணிக்குத்தான் விழித்தேன். பூபதி போனில் இருந்தான்.

"உடம்புக்கு ஒண்ணும் இல்லையே? அப்பா ரெண்டு தடவை கூப்பிட்டுட்டார். நாலு மணிக்கு வரலைங்கறார்."

"யாரு வரல?"

"நீதான். என்னமோ சொல்றார். லைட்டு மாறலைன்னு பாத்திருப்பார் போல."

ஆரஞ்சு விளக்கு நான் நுழைந்தால் வெள்ளையாக மாறும். அதைக் கவனித்திருக்கிறார். கரண்ட் விஷயத்தில் அவர் கண் அப்படி.

மாதாந்திர மின்தடை இன்றும் இருந்தது. பெட்டி எழுந்திருந்தது.

செப்டம்பர் 25, வியாழன்

தோட்டத்தில் ஒரு வினோதம். முள்ளங்கிப் பாத்தியில் குளம் கட்டி நிற்கிறது. ஒரே செடிக்கு இருபது தடவை ஊற்றினால்தான் அப்படி ஆகும். மற்ற மூன்று பாத்தியும் காய்ந்து கிடக்கின்றன. நேற்றும் முந்தாநாளும் எனக்கு முதுகு வலி, ஏரிக்குப் போகவே இல்லை.

படகுத்துறை விளக்கும் எரிந்துகொண்டிருந்தது. அவள் தலையில் தொப்பியைக் காணோம். தேடினால் தண்ணீரில் மிதக்கிறது.

விளையாட்டில் ஏதோ அப்டேட் வந்திருக்கும். இந்தக் கம்பெனிக்காரர்களுக்கு இருப்பதைக் கெடுக்காமல் தூக்கம் வராது.

தொப்பியை எடுத்துப் போட்டேன். பதின்மூன்று அசைவு.

அக்டோபர் 3, வெள்ளி

டாக்டர் மெர்சி வீட்டுக்கே வந்து பார்த்தார். தட்டைக் கண்டதும் என்ன ஏது என்று கேட்டார். ஐந்து நிமிடம் அவரும் மீன் பிடித்தார். "உன் மாமியார் வீட்டு ஏரி நல்லா இருக்கே," என்றார். மாமியார் எட்டு வருஷத்துக்கு முன்பே போய்விட்டார்கள் என்று சொன்னேன். "அப்ப வீட்டுல யாரு இதைப் பாத்துக்கறா?" என்று கேட்டார். யாரும் பார்த்துக்கொள்ளத் தேவையில்லை, அது தானாக நடக்கும் என்றேன்.

அக்டோபர் 6, திங்கள்

காலையில் வலி. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். சொட்டு மருந்து. முப்பத்தொரு வாரம் இன்றைக்கு. இன்னும் மூன்று. கடவுளே, இன்னும் மூன்றுதான்.

அக்டோபர் 10, வெள்ளி

நான்கு நாள் எழுதவில்லை. எழுத முடியவில்லை. வலி வந்து வந்து நின்றது, நேற்று மதியத்திலிருந்து வரவில்லை. பூபதிக்குத் தாக்கல் போய், கிளம்பி வந்துகொண்டிருக்கிறான்.

இன்று மூன்றரைக்கு அம்மா சோற்றுப் பையோடு தட்டையும் கொண்டுவந்தாள். "அந்த மனுசன் காலைல இருந்து மூணு தடவை போன் பண்ணிட்டாரு," என்றாள்.

"எந்த மனுஷன்?"

"உன் மாமனாருதான். உனக்கு எப்படி இருக்குன்னு கேக்காரு. நல்லாருக்காங்கேன். அப்புறமும் போனை வைக்காம நிக்காரு. பேசவும் மாட்டேங்காரு."

அம்மாவின் போனிலிருந்து நெட் எடுத்து நாலு மணிக்குத் திறந்தேன். வட்டம். பனி. ஏரி.

என் விரல் குச்சியில் இல்லை. தட்டு என் மார்பின் மேல் கிடந்தது. ஆனால் அவள் நடந்துகொண்டிருந்தாள். வீட்டுச் சுவரில் முட்டி நின்றாள். பின்னால் வந்தாள். மறுபடியும் அதே சுவரில் முட்டினாள். மருந்து மயக்கத்தின் வேலை என்றுதான் முதலில் நினைத்தேன். கண்ணைத் துடைத்துவிட்டுப் பார்த்தேன். அவள் நடக்கிறாள், ஆனால் எந்தப் பக்கம் போனாலும் பார்வை திரும்பவே இல்லை. பார்வையைத் திருப்பும் குச்சி வலது கட்டைவிரலுக்கானது.

மாமாவின் வலது கட்டைவிரல் மடங்காது. மில்லில் ஒரு தடவை ஷாக் அடித்ததிலிருந்து.

அங்கே டிவியோடு இருக்கும் கன்ட்ரோலர் அவர் கையில். முள்ளங்கிப் பாத்திக்குத் தட்டுத் தடுமாறிப் போனார். ஊற்றினார், ஊற்றினார், ஊற்றிக்கொண்டே இருந்தார். அவருக்கு அந்த ஒரு பாத்தியைத்தான் கண்டுபிடிக்கத் தெரிந்திருக்கிறது. அப்புறம் வீட்டுக்குள் போனார். என் கட்டைவிரலைக் குச்சியின் மேல் வைத்தேன். நான் தள்ளினால் அவள் என் பேச்சைக் கேட்பாள், அவர் பிடியிலிருந்து வந்துவிடுவாள். தள்ளவில்லை.

படிக்கட்டில் ஏறினார். ஏழு படிக்கு எத்தனை நேரம். மாடி அறைக் கதவில் முட்டினார். முட்டினால் அது திறந்துவிடும்.

வேண்டாத சாமான் என்று எழுதியிருந்தேன். அது தொட்டில். வெள்ளைத் திரை போட்ட தொட்டில், இரண்டு மாதம் சிப்பி பொறுக்கி வாங்கியது. சுவரில் மீன் படம். தரையில் பச்சைப் பாய். வாந்திக்கு நடுவே நான் செய்து வைத்த அறை. பூபதியைத் தவிர யாருக்கும் தெரியாது, பூபதியும் அதற்கப்புறம் அதைத் திறந்ததில்லை.

அவள் தொட்டில் முன்னால் நின்றாள். நெடுநேரம் நின்றாள். அசையாமல் நின்றால் அவள் கொட்டாவி விடுவாள். இரண்டு தடவை விட்டாள். அங்கே கோயமுத்தூரில், டிவி முன்னால், கையில் கன்ட்ரோலரோடு அவரும் அப்படித்தான் அசையாமல் நின்றிருப்பார். இங்கே நான். ஒரே தொட்டிலை இரண்டு பேரும் பார்த்துக்கொண்டிருந்தோம். நான் இருப்பது அவருக்குத் தெரியாது.

பிறகு அந்த அறையின் விளக்கு எரிந்தது.

ஆளில்லாத அறையில் விளக்கு எரிந்தால் பொறுக்காத மனுஷர், தொட்டில் பக்கத்தில் ஒரு விளக்கை ஏற்றிவிட்டு, கதவு நிலையில் இரண்டு தரம் இடித்துக்கொண்டு, கீழே இறங்கிப் போனார்.

நான் அழுதேன். இரண்டு வருஷமாக அந்த வீட்டில் அழாத அழுகை. அம்மா பதறி நர்ஸைக் கூப்பிட ஓடினாள். வலி இல்லை, கண் எரிகிறது என்றேன்.

அக்டோபர் 14, செவ்வாய்

வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். முப்பத்திரண்டு. பூபதி இங்கே இரண்டு நாள் இருந்துவிட்டு, துணிமணி எடுத்து வர கோயமுத்தூர் போயிருக்கிறான். அங்கிருந்து ஒரு போட்டோ அனுப்பினான்.

ஹாலில் பெட்டியின் சுவிட்ச். அதன் மேல் குறுக்கே இன்சுலேஷன் டேப் ஒட்டியிருக்கிறது. டேப்பில் தினத்தாள் காலண்டர் காகிதம் ஒன்று. மாமாவின் கையெழுத்து, எழுத்தெல்லாம் ஒரு பக்கம் சாய்ந்து:

அணைக்காதே. அம்மிணி உள்ளே இருக்கு.

அம்மிணி என்று அவர் கூப்பிடுவது என்னைத்தான். யாருக்கு எழுதியிருக்கிறார் என்று பூபதியிடம் கேட்டேன். வீட்டில் அவரைத் தவிர யாரும் இல்லையே.

"அவருக்கேதான். கை தானா போகுதாம். காகிதத்தைப் பாருப்பா, என்ன தேதின்னு."

பெரிதாக்கிப் பார்த்தேன். ஆகஸ்ட் 15.

தினமும் மூன்றே முக்காலுக்கு டிவியைப் போட்டு உட்கார்ந்துவிடுவாராம். மஞ்சள் சட்டை நடந்தால் அம்மிணி நன்றாக இருக்கிறாள் என்று அர்த்தமாம். நான் போகாத நாளில் செடி வாடினால் எனக்கு வருத்தமாக இருக்கும் என்று அவரே கன்ட்ரோலரை எடுத்திருக்கிறார்.

"அன்னிக்கு அவர் போன்ல பேசுனதை நீ கேட்டுட்டேன்னு அவருக்குத் தெரியும் செம்பா," என்றான் பூபதி. "திரும்பிப் பாத்தா நீ நின்னுட்டு இருந்தியாம். அப்பறம் உன்கிட்ட எந்த மூஞ்சில பேசறதுன்னே தெரியலைன்னார்."

எனக்கும்தான் தெரியவில்லை. இப்போதும் தெரியவில்லை.

அக்டோபர் 16, வியாழன்

நாலு மணிக்கு ஏரி. தொப்பியைக் கழற்றி, படகுத்துறையில் டிவிக்கு நேராக முகம் தெரியும்படி அவளை நிறுத்தினேன். கையசைக்கும் பட்டன் ஒன்று இருக்கிறது. இதுவரை அதற்கு வேலையே வந்ததில்லை. அமுக்கினேன். இரண்டு தடவை அமுக்கினேன்.

அடுத்து நாலு பாத்திக்கும் எப்படிப் போக வேண்டும் என்று மெதுவாக நடந்து காட்டினேன்.

அக்டோபர் 20, திங்கள்

தீபாவளி. முப்பத்து மூன்று. வெளியே வெடிச் சத்தத்துக்கு உள்ளே உதை. எண்ணுவதை விட்டுவிட்டேன். அம்மா எண்ணெய் வைத்துத் தலையை மட்டும் அலசிவிட்டாள், புதுச் சேலையைப் போர்வையாகப் போர்த்திவிட்டாள். படுத்தபடியே சீயம் தின்றேன்.

ஏரியில் எல்லா விளக்கும் எரிந்துகொண்டிருந்தது. நான் ஏற்றியது இரண்டோ மூன்றோதான். நாலு பாத்தியும் நனைந்திருந்தது.

அக்டோபர் 24, வெள்ளி

செண்பகத்தின் அம்மா எழுதுவது. காலை 11.20க்குப் பெண் குழந்தை. ஆபரேஷன். எடை ஒன்று எண்ணூறு. பிறந்ததும் அழுதது. தாய் நலம். நோட்டில் எழுதச் சொன்னாள், எழுதிவிட்டேன்.

நவம்பர் 2, ஞாயிறு

கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறாள். குழாய் வழியாகப் பால். ஒரு நாளைக்கு எட்டுத் தடவை கறந்து கொடுக்கிறேன், ஒரு தடவைக்கு ஐந்து மில்லி குடிக்கிறாள். ஓட்டை வழியாகக் கையை விட்டுத் தொடலாம். நான் தொட்டதும் சிறிது நேரம் கழித்துத்தான் விரலைச் சுருட்டுகிறாள். அந்த இடைவெளி எனக்குப் பழக்கமானது. காத்திருக்கத் தெரியும்.

பூபதி கூடவே இருக்கிறான். மாமா இன்னும் வரவில்லை. கேட்டால், "நான் வந்துட்டா பொட்டிய ஆரு பாத்துக்கறது?" என்கிறாராம். பிள்ளை பிழைத்து வீட்டுக்கு வரும் வரை அதை அணைக்கக் கூடாது என்று ஏதோ மனதில் வைத்திருக்கிறார் போல. பூபதி சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

நவம்பர் 14, வெள்ளி

இரண்டு கிலோ நூறு. இன்று காலை வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டோம். பீரோவுக்கும் கட்டிலுக்கும் நடுவே சேலைத் தொட்டில். நோட்டில் கடைசிப் பக்கம் இது, அதனால் நடந்ததை மட்டும் எழுதுகிறேன்.

நாலு மணிக்கு அவள் தூங்கினாள். பிள்ளை பிறந்த பிறகு முதல் தடவையாகத் தட்டைத் திறந்தேன். மஞ்சள் சட்டைக்காரியை நேராக மாடிக்கு நடத்திப் போனேன். கதவைத் திறந்தேன். விளக்கு எரிந்துகொண்டிருந்தது. தொட்டில் முன்னால் அவளை உட்கார வைத்தேன். என்னுடைய முதல் பிள்ளைக்கு வேறெங்கும் ஓர் இடம் இல்லை, இந்த அறைதான். இரண்டு வருஷத்தில் இன்றைக்குத்தான் அங்கே போய் உட்கார்ந்தேன்.

பிறகு நானே மாமாவுக்கு போன் செய்தேன். கல்யாணமாகி வந்ததிலிருந்து அவருக்கு நான் செய்த முதல் போன்.

"மாமா."

டிவியில் ஏரியின் சத்தம் அவர் பக்கத்திலிருந்து கேட்டது.

"சொல்லு அம்மிணி," என்றார்.

"புள்ளையை வீட்டுக்குக் கொண்டு வந்துட்டோம். தூங்குறா. நீங்க வாங்க மாமா, வந்து பாருங்க."

"வர்றனுங்க." என்னை யாரோ பெரியவரைப் போல 'ங்க' போட்டார். "இந்தப் பொட்டிய..."

"அணைச்சுட்டு வாங்க."

என் தட்டில் மஞ்சள் சட்டைக்காரி கொட்டாவி விட்டாள். அங்கே டிவியிலும் விட்டிருப்பாள்.

"அணைச்சா," என்றார், "மேல அந்த ரூம்புல வெளக்கு எரியுதே அம்மிணி."

"அது எரியும் மாமா. நீங்க ஏத்துனது அப்படியே இருக்கும். பொட்டியை அணைச்சாலும் அது அணையாது."

"கரண்டு இல்லாமயா?"

முப்பத்து நான்கு வருஷம் வயர்மேனாக இருந்தவர் கேட்கிறார்.

"கரண்ட் இல்லாமத்தான் மாமா."

சுவரிலிருந்து டேப் உரியும் சத்தம் கேட்டது. என் தட்டில் ஏரி கறுத்தது.

"காத்தால பஸ்ஸுக்குக் கெளம்பறேன்," என்றார்.